வேடமில்லாத முகம்

தொலைக்காட்சியில் நாம் காணும் முகங்கள் பல வகைப்படும். நாடக நடிகர் ஒருவர் இன்று காவலராக வருவார். நாளை மருத்துவராக வருவார். செய்தி வாசிப்பாளர் பலர் சேர்ந்து திரட்டிய செய்தியைத் தெளிவாகப் படிப்பார். இவர்களைத் தவிர மற்றொரு வகையினரும் உள்ளனர். அவர்கள் எந்தக் கதைப்பாத்திரத்தையும் ஏற்பதில்லை. சொந்தப் பெயரோடும் சொந்தக் குரலோடும் தாங்களாகவே திரையில் தோன்றுகின்றனர்.

'தானாகத் தோன்றுவதற்குத் தனித்திறமை எதற்கு? கேமராவின் முன் நின்று பேசினால் போதாதா?' என்று சிலர் எண்ணலாம். ஆனால், கேமராவைக் கண்டதும் பலருக்குக் குரல் மாறிவிடுகிறது, சிரிப்பும் மாறிவிடுகிறது. உள்ளே ஒருவராகவும் வெளியே வேறொருவராகவும் அவர்கள் ஆகிவிடுகின்றனர். ஓரிரு நாள்களுக்கு இயல்பாக இருப்பது எளிது. முப்பது ஆண்டுகளுக்கும் மேலாகக் கோடிக்கணக்கானோர் பார்க்கத் தாமாகவே இருப்பது எளிதன்று. அதைச் செய்து காட்டியவர் அமெரிக்காவின் ஃபிரெட் ராஜர்ஸ்.

தனிமையில் வளர்ந்த சிறுவன்

ஃபிரெட் ராஜர்ஸ் 1928ஆம் ஆண்டு மார்ச் 20ஆம் நாள், அமெரிக்காவின் பென்சில்வேனியா மாநிலத்தில் உள்ள லாட்ரோப் என்னும் சிறுநகரில் பிறந்தார். அவருடைய குடும்பம் வசதியானது. எனினும், அவருடைய இளமைப்பருவம் இன்பமாக மட்டும் அமையவில்லை. ஆஸ்துமா நோய் அவரை அடிக்கடி வாட்டியது. பருமனான உடலும் கூச்ச சுபாவமும் கொண்டிருந்த அவரைப் பிற சிறுவர்கள் கேலி செய்தனர். வீட்டில் தனித்திருந்த வேளைகளில் கைப்பாவைகளே அவருக்குத் துணையாக இருந்தன. தம் மனத்தில் இருந்த அச்சத்தையும் சினத்தையும் அவர் பாவைகளின் வாயிலாகப் பேசினார். சொல்ல முடியாததைப் பியானோவில் வாசித்தார்.

வளர்ந்த பிறகு, அவர் ஃபுளோரிடாவிலுள்ள ரோலின்ஸ் கல்லூரியில் இசையமைப்புப் பயின்றார். இறுதியாண்டில் விடுமுறைக்கு வீடு திரும்பியபோது, அங்குப் புதிதாக வாங்கப்பட்ட தொலைக்காட்சிப் பெட்டி இருந்தது. அதில் ஒருவர் முகத்தில் மற்றொருவர் பணியாரத்தை வீசிச் சிரிக்கும் காட்சியை அவர் பார்த்தார். இவ்வளவு அரிய கருவி ஒருவரை மற்றொருவர் இழிவுபடுத்துவதற்கா பயன்பட வேண்டும் என்று அவர் வருந்தினார். தொலைக்காட்சியின்மீது கொண்ட வெறுப்பே தம்மைத் தொலைக்காட்சித் துறைக்கு இழுத்து வந்தது என்று பிற்காலத்தில் அவர் பலமுறை கூறியிருக்கிறார்.

திரைக்குப் பின்னாலிருந்து திரைக்கு முன்

1951இல் கல்லூரிப் படிப்பை முடித்த ராஜர்ஸ், நியூயார்க்கிலுள்ள என்பிசி தொலைக்காட்சி நிறுவனத்தில் இசை நிகழ்ச்சிகளுக்கு உதவியாளராகச் சேர்ந்தார். அது பலரும் விரும்பும் பெரிய நிறுவனம். ஆயினும், 1953இல் அவர் அவ்வேலையை விட்டுவிட்டுப் பிட்ஸ்பர்க் நகரில் தொடங்கப்படவிருந்த டபிள்யூகியூஇடி என்னும் சிறிய கல்வித் தொலைக்காட்சி நிலையத்திற்குச் சென்றார். அந்த நிலையம் அப்போது ஒளிபரப்பைக்கூடத் தொடங்கியிருக்கவில்லை.

1954இல் அங்குத் தொடங்கிய 'சில்ட்ரன்ஸ் கார்னர்' என்னும் சிறுவர் நிகழ்ச்சியில் ராஜர்ஸ் பாவைகளை இயக்கினார், அவற்றுக்குக் குரல் கொடுத்தார், ஆர்கன் வாசித்தார். ஆனால், அவர் முகம் திரையில் தோன்றவில்லை. நிகழ்ச்சியைத் தொகுத்து வழங்கியவர் ஜோசி கேரி என்னும் பெண்மணி. பாவை மேடைக்குப் பின்னால் ஓடியாடும்போது காலடி ஓசை கேட்டுவிடாமல் இருக்க, ராஜர்ஸ் துணிக் காலணிகளை அணிந்துகொண்டார். அந்தக் காலணிகள்தாம் பின்னாளில் அவருடைய அடையாளமாகின.

அவர் வாழ்வில் திருப்பம் 1963இல் ஏற்பட்டது. கனடா ஒளிபரப்புக் கழகத்தைச் சேர்ந்த ஃபிரெட் ரெயின்ஸ்பெரி, ராஜர்ஸ் குழந்தைகளோடு பேசும் விதத்தை நேரில் கண்டவர். பாவைகளுக்குப் பின்னால் ஒளிந்திருக்காமல், இதே போலக் கேமராவைப் பார்த்துப் பேசும்படி அவர் ராஜர்ஸைக் கேட்டுக்கொண்டார். நிகழ்ச்சிக்கும் ராஜர்ஸின் பெயரையே சூட்டினார். அதுவரை மறைவில் இருந்தவர், தம் முப்பத்தைந்தாம் வயதில் தாமாகவே திரையில் தோன்றினார். பின்னர் அவர் பிட்ஸ்பர்க்கிற்குத் திரும்பி அந்நிகழ்ச்சியை விரிவுபடுத்தினார். 1968ஆம் ஆண்டு பிப்ரவரி 19ஆம் நாள், 'மிஸ்டர் ராஜர்ஸ் நெய்பர்ஹூட்', அதாவது 'திரு. ராஜர்ஸின் அக்கம்பக்கம்', அமெரிக்கா முழுவதும் ஒளிபரப்பாகத் தொடங்கியது.

மெய்யும் கற்பனையும்

அந்நிகழ்ச்சி ஒவ்வொரு நாளும் ஒரே விதமாகத் தொடங்கும். ராஜர்ஸ் பாடியபடியே வீட்டிற்குள் நுழைவார். மேல்சட்டையைக் கழற்றி வைத்துவிட்டுக் கம்பளிச் சட்டையை அணிந்துகொள்வார். வெளியே அணியும் காலணிகளை மாற்றித் துணிக் காலணிகளைப் போட்டுக்கொள்வார். வேலையிலிருந்து வீடு திரும்பிய ஒருவர் நம்மோடு பேச அமர்வது போன்ற உணர்வை இஃது ஏற்படுத்தும். அவர் அணிந்த கம்பளிச் சட்டைகள் பலவற்றை அவருடைய தாயாரே பின்னிக் கொடுத்தார்.

நிகழ்ச்சியின் நடுவில் ஒரு சிறிய டிராம் வண்டி வரும். அந்த வண்டி பார்வையாளரைக் கற்பனை உலகிற்கு அழைத்துச் செல்லும். அங்கு அரசரும் ஆந்தையும் கூச்சமுள்ள புலிக்குட்டியும் பேசுவார்கள். அப்பாவைகளில் பெரும்பாலானவற்றை இயக்கிக் குரல் கொடுத்தவர் ராஜர்ஸே. ஆனால், அக்கற்பனை உலகில் அவர் ஒருபோதும் தம் முகத்தைக் காட்டியதில்லை. இதற்குக் காரணம் உண்டு. மிகச் சிறிய குழந்தைகளுக்கு மெய் எது, கற்பனை எது என்று பிரித்தறிவது கடினம். வீட்டில் பேசுபவர் மெய்யான மனிதர். டிராம் வண்டி சென்றடையும் இடம் கற்பனை. இரண்டும் கலந்துவிடாமல் இருக்க வேண்டுமென்பதில் அவர் உறுதியாக இருந்தார். குழந்தைகள் தம்மை நம்ப வேண்டுமானால், தம்மிடம் மாயம் எதுவும் இருக்கக்கூடாது என்பது அவர் எண்ணம்.

சொல்லைத் தேர்ந்தெடுக்கும் கலை

ராஜர்ஸ் மெதுவாகப் பேசினார். அதைக் கேட்டவர்கள், அவர் மனத்தில் பட்டதைப் பேசுகிறார் என்றே நினைத்தனர். உண்மையில் ஒவ்வொரு சொல்லும் எழுதித் திருத்தப்பட்டது. மார்கரெட் மெக்ஃபார்லண்ட் என்னும் குழந்தை உளவியல் அறிஞரிடம் அவர் பல்லாண்டுகள் ஆலோசனை பெற்றார்.

அவருடன் பணியாற்றிய எழுத்தாளர் இருவர், ராஜர்ஸ் ஒரு வாக்கியத்தைத் திருத்தும் முறையை விளையாட்டாக ஒன்பது படிகளாகத் தொகுத்தனர். அம்முறையைப் பின்வருமாறு சுருக்கிக் கூறலாம். 'சாலையில் விளையாடுவது ஆபத்து' என்று முதலில் எழுதுவதாக வைத்துக்கொள்வோம். இது குழந்தையை அச்சுறுத்துகிறது. எனவே, 'பாதுகாப்பான இடத்தில் விளையாடுவது நல்லது' என்று மாற்ற வேண்டும். எது பாதுகாப்பான இடம் என்பதைச் சிறு குழந்தையால் தானே முடிவு செய்ய முடியாது. ஆகவே, பெற்றோரிடம் கேட்கும்படி சொல்ல வேண்டும். ஆனால், எல்லாக் குழந்தைகளுக்கும் பெற்றோர் இருப்பதில்லை. எனவே, 'உனக்குப் பிடித்த பெரியவர்கள்' என்று எழுத வேண்டும். இவ்வாறு ஒரே ஒரு வாக்கியம், எந்தக் குழந்தையையும் விட்டுவிடாதபடி பலமுறை செதுக்கப்பட்டது.

மருத்துவமனையைப் பற்றிய நிகழ்ச்சி ஒன்றில், இரத்த அழுத்தத்தை அளக்கும் பட்டையில் காற்றடிக்கப் போவதாகத் தாதி கூறும் காட்சி இருந்தது. காற்றடித்தலைக் குறிக்கும் அந்த ஆங்கிலத் தொடருக்கு 'வெடிக்கச் செய்தல்' என்னும் பொருளும் உண்டு. குழந்தை அதைக் கேட்டு நடுங்கிவிடுமே என்று எண்ணிய ராஜர்ஸ், தொடரை மாற்றி மீண்டும் பதிவு செய்ய வைத்தார்.

மற்றொரு முறை, பார்வையற்ற சிறுமி ஒருத்தியிடமிருந்து கடிதம் வந்தது. நிகழ்ச்சியில் உள்ள மீன்தொட்டி மீன்களுக்கு அவர் இரை போடுகிறாரா இல்லையா என்பது தனக்குத் தெரியவில்லை என்றும் அதனால் தான் கவலைப்படுவதாகவும் அவள் எழுதியிருந்தாள். அதன் பிறகு, 'இப்போது மீன்களுக்கு இரை போடுகிறேன்' என்பதை ராஜர்ஸ் வாய்விட்டுச் சொல்லத் தொடங்கினார். மற்றவர்களுக்குத் தேவையற்றதாகத் தோன்றிய அந்த ஒரு வரி, ஒரு குழந்தையின் கவலையைத் தீர்த்தது.

இதிலிருந்து ஓர் உண்மை விளங்குகிறது. இயல்பாகத் தோன்றுவது என்றால், ஆயத்தமில்லாமல் தோன்றுவது என்று பொருளாகாது. ராஜர்ஸின் இயல்புக்குப் பின்னால் கடும் உழைப்பு இருந்தது. அவர் தம்மை மறைப்பதற்காக உழைக்கவில்லை. தம் எண்ணம் பிழையின்றிக் குழந்தையைச் சென்றடைவதற்காக உழைத்தார். அதே வேளையில், தம் தவறுகளை மறைக்கவும் அவர் முயலவில்லை. ஒருமுறை படப்பிடிப்பின்போது கம்பளிச் சட்டையின் பொத்தான்களை இடம் மாற்றிப் போட்டுவிட்டார். மீண்டும் எடுக்கலாம் என்று குழுவினர் நினைத்தனர். அவரோ பொத்தான்களைச் சரிசெய்துகொண்டே நிகழ்ச்சியைத் தொடர்ந்தார். தவறு செய்வதும் அதைத் திருத்திக்கொள்வதும் இயல்பே என்பதைக் குழந்தைகள் பார்க்கட்டும் என்று அவர் விரும்பினார்.

கடினமானவற்றைப் பேசிய துணிவு

சிறுவர் நிகழ்ச்சி என்றால் ஆடலும் பாடலும் மட்டுமே என்று பலர் கருதிய காலம் அது. ராஜர்ஸோ பெரியவர்களே பேசத் தயங்கியவற்றைக் குழந்தைகளிடம் பேசினார். 1968 ஜூன் மாதம் அமெரிக்க அரசியல் தலைவர் ராபர்ட் கென்னடி சுட்டுக் கொல்லப்பட்டார். அச்செய்தியைக் குழந்தைகளும் தொலைக்காட்சியில் பார்த்துக்கொண்டிருந்தனர். ராஜர்ஸ் உடனடியாக ஒரு சிறப்பு நிகழ்ச்சியைத் தயாரித்தார். அதில் புலிக்குட்டிப் பாவை, 'படுகொலை' என்றால் என்ன என்று கேட்டது. குழந்தைகளின் மனத்தில் இருந்த கேள்வியும் அதுவே.

1969 மே மாதம் ஒளிபரப்பான நிகழ்ச்சியில், வெயில் மிகுந்த நாளொன்றில் ராஜர்ஸ் சிறிய தொட்டி நீரில் கால்களை நனைத்துக்கொண்டிருப்பார். காவலர் பாத்திரத்தில் நடித்த ஃபிரான்சுவா கிளெமன்ஸ் அவ்வழியே வருவார். அவர் கறுப்பினத்தவர். ராஜர்ஸ் அவரை அழைக்க, இருவரும் ஒரே தொட்டியில் கால்களை வைத்துக்கொண்டு உரையாடுவர். ஒரே துண்டால் துடைத்துக்கொள்வர். பொது நீச்சல் குளங்களில் கறுப்பினத்தவரோடு சேர்ந்து நீந்த வெள்ளையர் பலர் மறுத்துவந்த காலம் அது. அதைப் பற்றி அக்காட்சியில் ஒரு சொல்கூட இல்லை. ஆனால், பார்த்தவர்களுக்குப் பொருள் உள்ளங்கை நெல்லிக்கனியாக விளங்கியது.

1970இல் ஒளிபரப்பான ஒரு நிகழ்ச்சியில், மீன்தொட்டியில் ஒரு மீன் இறந்து கிடப்பதை ராஜர்ஸ் காண்பார். அதைக் காப்பாற்ற முயன்று, முடியாமல் போகவே, தோட்டத்தில் புதைப்பார். பிறகு, தம் சிறுவயதில் வளர்ப்பு நாய் இறந்தபோது தாம் அழுததைக் கூறுவார். 1981இல் பெற்றோரின் மணமுறிவைப் பற்றி ஒரு வாரம் முழுவதும் பேசினார். அதே ஆண்டில், மின்சாரச் சக்கர நாற்காலியில் வந்த 10 வயதுச் சிறுவன் ஒருவன், தன் நாற்காலி இயங்கும் விதத்தையும் தன் உடல்நிலையையும் அவரோடு அமர்ந்து விளக்கினான். ராஜர்ஸ் இரக்கத்தோடு அவனைப் பார்க்கவில்லை, ஆர்வத்தோடு பார்த்தார். அந்த வேறுபாட்டைக் குழந்தைகள் உடனே உணர்ந்துகொண்டனர்.

ஆறு நிமிட உரை

ராஜர்ஸின் நிகழ்ச்சி பொது ஒளிபரப்பைச் சேர்ந்தது. பொது ஒளிபரப்பு நிலையங்கள் விளம்பர வருமானத்தை நம்பி நடப்பவை அல்ல. அக்காலத்தில் அரசின் மானியமும் மக்களின் நன்கொடையும் அவற்றைத் தாங்கி நின்றன. 1969இல், பொது ஒளிபரப்புக்கு ஒதுக்கப்படவிருந்த 20 மில்லியன் டாலரைப் பாதியாகக் குறைக்க அமெரிக்க அரசு எண்ணியது. இது குறித்து நாடாளுமன்றத்தின் மேலவையான செனட் சபையின் குழு ஒன்று விசாரணை நடத்தியது. அதன் தலைவர் ஜான் பாஸ்டோரி, ஒருவர்பின் ஒருவராக வந்து அறிக்கை படித்தவர்களால் பொறுமை இழந்திருந்தார்.

மே 1ஆம் நாள் ராஜர்ஸின் முறை வந்தது. தாம் எழுதிக் கொண்டுவந்த அறிக்கையை அவர் படிக்கவில்லை. குழந்தைகளோடு பேசும் அதே குரலில், அதே நிதானத்தோடு செனட்டரிடம் பேசினார். உணர்ச்சிகளை வாய்விட்டுச் சொல்லலாம், அவற்றை அடக்கி ஆளவும் முடியும் என்று குழந்தைகளுக்குக் கற்றுத்தருவதே தம் பணி என்றார். சினம் வரும்போது என்ன செய்வது என்பதைப் பற்றித் தாம் இயற்றிய பாடலின் வரிகளையும் சொல்லிக்காட்டினார். ஏறத்தாழ ஆறு நிமிடங்களே நீடித்த அவ்வுரையைக் கேட்டு முடித்ததும், தமக்கு மெய்சிலிர்த்துவிட்டதாகப் பாஸ்டோரி கூறினார். அந்த 20 மில்லியன் டாலரை ராஜர்ஸ் ஈட்டிவிட்டார் என்றும் அவர் அறிவித்தார். நாட்டின் சட்டமன்றத்திலும் ராஜர்ஸ் வேறொருவராக மாறவில்லை என்பதே அவ்வெற்றியின் அடிப்படை.

கேலியும் ஐயமும்

இவ்வளவு நல்லவராக ஒருவர் இருக்க முடியுமா என்று ஐயுற்றவர்களும் உண்டு. நகைச்சுவை நிகழ்ச்சிகள் அவருடைய பேச்சையும் நடையையும் நையாண்டி செய்தன. அவர் முன்னாள் போர்வீரர் என்றும் கைகளிலுள்ள பச்சைகுத்தலை மறைக்கவே நீண்ட கைச் சட்டை அணிகிறார் என்றும் வதந்தி பரவியது. அவர் இராணுவத்தில் பணியாற்றியதே இல்லை, பச்சைகுத்தலும் இல்லை. கனிவு என்பது ஒரு முகமூடியாகத்தான் இருக்க வேண்டும் என்று எண்ணியவர்கள், அதற்குப் பின்னால் ஏதேனும் ஒன்றைக் கண்டுபிடிக்க விரும்பினார்கள். ஆனால், அவருடன் பல்லாண்டுகள் பணியாற்றியவர்கள், திரையில் கண்ட மனிதரும் நேரில் கண்ட மனிதரும் ஒருவரே என்று கூறினர்.

அதற்காக அவர் குறையோ கவலையோ இல்லாதவர் என்று கருதிவிடக் கூடாது. சில ஆண்டுகள் நிறுத்தியிருந்த நிகழ்ச்சியை 1979இல் மீண்டும் தொடங்கியபோது, தம்மால் இனி எழுத இயலுமா என்ற ஐயம் அவரை ஆட்கொண்டது. அந்தத் தயக்கத்தை அவர் ஒரு தாளில் தட்டச்சு செய்து வைத்தார். பிறகு எழுதவும் செய்தார். அவருடைய பாவைகளுள் மிகவும் கூச்சமுள்ளதான டேனியல் என்னும் புலிக்குட்டியே அவருடைய உண்மையான உள்ளத்திற்கு மிக நெருக்கமானது என்று அவருடைய துணைவியார் ஜோவேன் கூறியுள்ளார். கேலி செய்யப்பட்ட அந்த லாட்ரோப் சிறுவனை அவர் மறந்துவிடவில்லை. அவனுக்கு அன்று யாரேனும் சொல்லியிருக்க வேண்டியவற்றைத்தான் அவர் பிற குழந்தைகளுக்குச் சொன்னார்.

குழந்தைகளின் நம்பிக்கையை அவர் காசாக்கவும் மறுத்தார். குழந்தைகளிடம் பொருள்களை விற்கும் விளம்பரங்களில் தோன்ற அவர் இணங்கவில்லை. தம் பெயராலும் முகத்தாலும் அறியப்படும் ஒருவர், அந்தப் பெயரையும் முகத்தையும் விற்றுவிட்டால் எஞ்சுவது ஒன்றுமில்லை என்பதை அவர் அறிந்திருந்தார்.

நிலைத்த பெயர்

1968 முதல் 2001 வரை நாடு முழுவதும் ஒளிபரப்பான அந்நிகழ்ச்சி ஏறத்தாழ 900 அங்கங்களைக் கொண்டது. அவருடைய சிவப்புக் கம்பளிச் சட்டை ஒன்று வாஷிங்டன் நகரிலுள்ள ஸ்மித்சோனியன் அருங்காட்சியகத்தில் பாதுகாக்கப்படுகிறது. 1997இல், தொலைக்காட்சித் துறையில் ஆற்றிய வாழ்நாள் பணிக்காக அவருக்கு எம்மி விருது வழங்கப்பட்டது. மேடையேறிய அவர், தம் சாதனைகளைப் பேசவில்லை. 'உங்களை அன்பால் ஆளாக்கியவர்களைப் பத்து விநாடிகள் நினைத்துப் பாருங்கள். நேரத்தை நான் பார்த்துக்கொள்கிறேன்' என்ற பொருள்பட அவையோரைக் கேட்டுக்கொண்டு, கைக்கடிகாரத்தைப் பார்த்தபடி நின்றார். புகழ்பெற்ற நடிகர்கள் நிறைந்திருந்த அவ்வரங்கம் அமைதியானது. பலர் கண்கலங்கினர்.

2002இல் அமெரிக்காவின் உயரிய குடிமக்கள் விருதான அதிபர் சுதந்திரப் பதக்கம் அவருக்கு வழங்கப்பட்டது. 2003ஆம் ஆண்டு பிப்ரவரி 27ஆம் நாள், வயிற்றுப் புற்றுநோயால் அவர் தம் 74ஆம் வயதில் காலமானார்.

இன்று திறன்பேசி வைத்திருக்கும் எவரும் தாமாகவே திரையில் தோன்ற முடியும். காணொளி எடுப்பதும் அதைப் பலரும் காண வெளியிடுவதும் சில நிமிட வேலை. பார்ப்போரின் எண்ணிக்கையைக் கூட்டுவதற்காகச் சிலர் இல்லாத வாழ்க்கையை இருப்பதுபோல் காட்டுகின்றனர். வராத சிரிப்பை வரவழைத்துக்கொள்கின்றனர். ராஜர்ஸின் வாழ்க்கை அவர்களுக்கு வேறொரு வழியைக் காட்டுகிறது. திரையில் தோன்றும் முகமும் வீட்டில் இருக்கும் முகமும் ஒன்றாக இருக்கலாம். அதற்குச் சொல்லில் கவனம் வேண்டும். கேட்பவர்மீது மதிப்பு வேண்டும். தவறினால் அதை மறைக்காத நேர்மையும் வேண்டும். இவை மூன்றும் இருந்தால், தயங்கித் தயங்கிப் பேசும் கூச்ச சுபாவமுள்ள ஒருவரின் சொல்லையும் ஒரு நாடே செவிமடுத்துக் கேட்கும்.